நடந்தது போதாது என்றவர்

அவர் என்னிடம் பேசிய முதல் வாக்கியமே ஒரு திருத்தம்தான்.

எண்பதுகளின் நடுவில் ஒரு வருஷம். மேற்குத் தாம்பரம் மார்க்கெட்டுக்குப் பக்கத்தில் ஒரு ஜவுளிக்கடையின் மாடியில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட் நடத்திக்கொண்டிருந்தேன். மத்தியான நேரம், வகுப்பு இல்லை. தோளில் ஜோல்னாப் பையும் கசங்கின ஜிப்பாவுமாக ஒருவர் படியேறி வந்து வாசலில் நின்றார். டைப் அடித்துக்கொண்டிருந்த நான் நிமிர்ந்து, "என்ன சார் வேணும்?" என்று கேட்டேன். அவர் தலையைச் சாய்த்து என்னையே பார்த்தார்.

"இதையே தலையை நிமிர்த்தாம கேளுங்க மேடம். விரல் பாட்டுக்கு ஓடிக்கிட்டே இருக்கட்டும்" என்றார்.

கேட்டேன். தலையை நிமிர்த்தாமல், விரலை ஓடவிட்டு, "என்ன சார் வேணும்?" என்று இன்னொரு தடவை கேட்டேன். ஏன் அப்படிச் செய்தேன் என்று பிற்பாடு பல நாள் என்னையே திட்டிக்கொண்டிருக்கிறேன். டாக்டர் நாக்கை நீட்டச் சொன்னால் நீட்டிவிடுகிறோம் இல்லையா, அந்த மாதிரி ஒரு தோரணை அவர் குரலில் இருந்தது. "இப்ப சரி" என்று சொல்லிவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்தார்.

அவர் சினிமா எடுப்பவர். கோடம்பாக்கத்து சினிமா இல்லை. அரசாங்கம் தியேட்டரில் போடுகிற செய்திப்படமும் இல்லை. வெளிநாட்டில் ஏதோ ஓர் அறக்கட்டளைக்குப் பண உதவி கேட்டு ஆங்கிலத்தில் விண்ணப்பம் அடித்துத் தரச்சொல்லி வந்திருந்தார். "நான் எடுக்கிறது டாகுமெண்டரியும் இல்ல, கதைப்படமும் இல்ல மேடம். நிஜ மனுஷங்க, நிஜ இடம், நிஜ சம்பவம். அவங்க அவங்களாவே வருவாங்க" என்று விளக்கினார். அடுத்த ஐந்தாறு வருஷத்தில் இந்த விளக்கத்தை எத்தனை காகிதத்தில் அடித்திருப்பேன் என்று கணக்கில்லை. ஒரு கட்டத்தில் அவர் வாயைத் திறக்குமுன்பே என் விரல் அடிக்க ஆரம்பித்துவிடும்.

யாரையும் அவர் நடிக்கச் சொன்னதில்லை. அப்படிச் சொன்னால் அவருக்குக் கோபம் வரும். ஏற்கெனவே செய்ததை இன்னொரு தடவை செய்யச் சொல்வார், அவ்வளவுதான். முதல் தடவை செய்ததில் அவருக்கு ஏதாவது குறை இருக்கும். கிழக்குத் தாம்பரம் ஸ்டேஷன் வாசலில் ஒரு டீ மாஸ்டர் இருந்தார். இருபது வருஷமாக ஒரு சொட்டு கீழே சிந்தாமல் ஆற்றுகிறவர். இவர் கேமராவை நிறுத்தி, கொஞ்சம் சிந்தச் சொன்னார். மாஸ்டரால் முடியவில்லை. எவ்வளவு முயன்றும் டீ நேராக டம்ளருக்குள்ளேயே போய் விழுந்தது. கடைசியில் இவரே ஒரு டம்ளரை மேஜைமேல் கவிழ்த்து வைத்துப் படமெடுத்தார். உழைப்பின் களைப்பு அதில் தெரிந்ததாம்.

"நடந்தது போதாது மேடம். நடந்த மாதிரி இருக்கணும்" என்பார். வேதவாக்கு மாதிரி சொல்வார்.

என் இன்ஸ்டிட்யூட்டைப் பற்றியும் பத்து நிமிஷத்துக்கு ஒரு படம் எடுத்தார். தட்டச்சு கற்றுக்கொண்டு வேலைக்குக் காத்திருக்கும் பெண்களைப் பற்றியது. எனக்குக் கண் நன்றாகவே தெரியும். ஆனால் அவருக்குக் கண்ணாடி போட்ட டீச்சர்தான் நிஜமாகத் தெரிந்தாள். கீழே ஜவுளிக்கடைக் கணக்கரிடம் கண்ணாடியை வாங்கி எனக்கு மாட்டிவிட்டார். அது முதியவர் போடும் கண்ணாடி. உலகமே குளத்துக்குள் இருந்து பார்க்கிற மாதிரி தெரிந்தது. அதோடு தட்டுத்தடுமாறி நான் அடித்ததைப் பார்த்து, "இதுதான், இந்தத் தவிப்புதான்" என்று சந்தோஷப்பட்டார். அந்தப் படத்தை சேலையூர் பக்கம் ஒரு ஹாலில் போட்டார்கள். பார்த்தவர்களில் ஒருவர் வழியாகச் செய்தி போய், என்னைப் பெண் பார்க்க வந்தவர்கள் உட்கார்ந்ததும், "கண்ணாடி போட்டுக்கலையாம்மா, எங்களுக்காக ஒண்ணும் கழட்ட வேண்டாம்" என்றார்கள். நான் கண்ணாடியே போடுவதில்லை என்று அம்மா சத்தியம் செய்தும் நம்பவில்லை. படத்தில் பார்த்தவரே சொல்லியிருக்கிறாரே.

படம் எடுத்தவருடைய அப்பா ரயில்வேயில் கார்டாக இருந்து ஓய்வு பெற்றவர். ஹெர்னியா ஆபரேஷன் முடிந்து ஆஸ்பத்திரியிலிருந்து ஆட்டோவில் வந்து இறங்கியபோது நானும் அங்கே இருந்தேன். இவர் வாசலில் கேமராவோடு தயாராக நின்றார். பெரியவர் மெதுவாக இறங்கி, காம்பவுண்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு நாலடி நடந்து வந்தார். "அப்பா, வெளிச்சம் சரியில்ல. ஏறி உட்கார்ந்து இறங்குங்க" என்றார் மகன். நான் பதறிப்போனேன். பெரியவர் திரும்பிப் போய் ஏறி உட்கார்ந்து இறங்கினார். மூன்று தடவை இறங்கினார். ஆட்டோக்காரர்தான் பொறுக்கமாட்டாமல் வண்டியைக் கிளப்பிக்கொண்டு போனார். உள்ளே போய் நாற்காலியில் உட்கார்ந்த பிறகு பெரியவர் என்னிடம் ரகசியமாகச் சொன்னார்: "இவன் என் மூஞ்சியை நேராப் பார்த்து ஆறேழு வருஷம் ஆச்சும்மா. அந்தப் பொட்டி வழியாவாவது பார்க்கிறானேன்னு இருக்கு."

அந்தப் பெட்டி, சாவி கொடுத்து ஓட்டுகிற பழைய பதினாறு எம்.எம். கேமரா. ஒரு தடவை சாவி கொடுத்தால் அரை நிமிஷம்கூட முழுசாக ஓடாது. அதனால் அவர் படங்களில் யாரும் அரை நிமிஷத்துக்கு மேல் துக்கப்பட்டதில்லை. ஒலிக்கு ஒரு கனமான டேப்ரெகார்டர். அதன் மைக்கை ஞாயிற்றுக்கிழமைகளில் நான் பிடித்துக்கொண்டு நிற்பேன். ஞாயிற்றுக்கிழமை வீட்டிலிருந்தால் யாராவது பெண் பார்க்க வந்துவிடுவார்கள். அதற்கு மைக் பிடிப்பது மேல் என்று தோன்றியது. இது ஒரு காரணம். இன்னொரு காரணம், அவரைச் சுற்றி எப்போதும் ஏதோ நடக்கப்போகிற மாதிரி இருக்கும். எங்கள் தெருவில் எதுவுமே நடக்காது.

பல்லாவரத்துக்குப் பின்னால் அப்போது கல்குவாரிகள் இருந்தன. அதில் ஒன்றில் வெடி வைத்தபோது ஏழுமலை என்ற தொழிலாளி கல் விழுந்து இறந்துபோனார். வெடிக்குமுன் விசில் ஊதி எல்லாரையும் விலகச் சொல்லவேண்டும் என்பது விதி. அன்றைக்கு யாரும் ஊதவில்லை. இதைச் சொன்னவள் ஏழுமலையின் மனைவி கன்னியம்மா. அதே குவாரியில் ஜல்லி உடைப்பவள். மற்ற ஆட்களுக்கு அங்கேயே வேலை தொடரவேண்டும் என்பதால் யாருக்கும் எதுவும் ஞாபகமில்லை. விசில் ஊதியும் ஏழுமலை குடிபோதையில் விலகவில்லை என்றார் குவாரி காண்டிராக்டர். தொழிலாளர் துறை அதிகாரி விசாரிப்பதாக இருந்தது. தவறு ஏழுமலை மேல் என்று முடிவானால் நஷ்டஈடும் கிடையாது, இரண்டு பிள்ளைகளோடு அவள் இருந்த குவாரி வீட்டையும் காலி செய்யவேண்டியதுதான். அதையெல்லாம்விட, "குடிச்சுட்டு செத்தான்னு எழுதிடப்போறாங்க டீச்சர். அவரு பீடிகூட புடிக்க மாட்டாரு" என்பதுதான் அவளுக்குப் பெரிதாக இருந்தது. அவளுடைய மனுவை அடித்துக் கொடுத்தவள் நான். நான்தான் இவரிடம் போய் இதைச் சொன்னேன். அந்தத் தவறு என்னுடையது.

உடனே படம் எடுக்கக் கிளம்பிவிட்டார். குவாரிக்கு லீவு நாளான ஞாயிற்றுக்கிழமை, கன்னியம்மாவை அவள் வழக்கமாக உட்காரும் இடத்திலேயே உட்காரவைத்து, அன்றைக்கு என்ன நடந்தது என்று கேட்டார். அவள் சொன்னாள்:

"டமார்னு சத்தம் சார். ஒரே தூசி. பக்கத்துல சோத்துச் சட்டி திறந்து கெடந்துது. தூசி வுழுந்தா அவரு துன்ன மாட்டாரேன்னு மொதல்ல அத்த மூடப் போனேன். அப்பாலதான் அங்க கூவறாங்கோ, ஏழுமல ஏழுமலன்னு. நான் மூடியக் கையில வெச்சுகினு நின்னுகினே கீறேன்."

அவர் மறுப்பாகத் தலையை ஆட்டினார். "சட்டியை மூடுறது வேண்டாம்மா. ஜனங்க நம்பமாட்டாங்க. சத்தம் கேட்டதும் சட்டியைத் தட்டிவிட்டுட்டு ஓடுங்க."

"சோத்தையா சார்?"

"ஆமாம்மா. ஓடிக்கிட்டே அவர் பேரைச் சொல்லி அழணும்."

கன்னியம்மா என்னைப் பார்த்தாள். நான் வேறு பக்கம் பார்த்தேன். அவள் ஓடினாள். நாலு தடவை ஓடினாள். ஒவ்வொரு தடவையும் கொட்டின சோற்றைப் பொறுக்கிச் சட்டியில் போட்டுவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

வெடிக்கிற காட்சியை வேறொரு நாள் தூரத்து மேட்டிலிருந்து எடுத்து வைத்திருந்தார். வெட்டி ஒட்டிப் பார்த்தபோது அது திடீரென்று வந்து நின்றதாம். "வெடிக்கு முன்னாடி ஒரு விசில் வேணும் மேடம். விசில், அவங்க திரும்பிப் பார்க்கிறாங்க, ஒரு அமைதி, அப்புறம் வெடி" என்றார்.

"சார், விசில் ஊதலைங்கிறதுதானே அவங்க கேஸே."

"கேஸ் வேற, படம் வேற மேடம். விசில் இல்லாம வெடிச்சா ஆடியன்ஸ் தயாரா இருக்க மாட்டாங்க."

"ஏழுமலையும்தான் தயாரா இல்ல."

ஒரு நிமிஷம் அசந்துபோனார். "நல்லா இருக்கே, பின்னணிக் குரலுக்கு எழுதிக்கட்டுமா?" என்று நோட்டைத் திறந்தார். அதோடு அந்த விவாதம் முடிந்துவிட்டது. மார்க்கெட்டில் டிரில் மாஸ்டர் ஊதுகிற விசில் ஒன்றை வாங்கி என்னிடம் நீட்டினார். கன்னியம்மாவைத் திரும்பிப் பார்க்கச் சொன்னார். நான் ஊதினேன். சும்மா சொல்லக்கூடாது, நன்றாகவே ஊதினேன். படத்தின் ஆரம்பத்தில் 'இதில் வரும் அனைத்தும் நடந்தவை, வருபவர்கள் அனைவரும் அவர்களே' என்று ஓர் எழுத்து அட்டை வரும். அதை அடித்துக் கொடுத்ததும் நான்தான்.

படத்தை இரண்டு மூன்று இடங்களில் போட்டார்கள். ஒரு நாள் காண்டிராக்டரிடமிருந்து ஆள் வந்தார். முதலாளி படத்தைப் பற்றிக் கேள்விப்பட்டாராம், வீட்டில் பார்க்க ஒரு வீடியோ கேசட் கிடைக்குமா என்று கேட்டாராம். இவர் ராத்திரி பகல் பாராமல் அலைந்து கேசட் போட்டு, பூப்போட்ட தாளில் சுற்றி, தானே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வந்தார்.

"அவர் மனசாட்சியைத் தொட்டுட்டோம் மேடம்" என்றார்.

விசாரணை நாளன்று காண்டிராக்டரின் வக்கீல் வாடகைக்கு எடுத்த டிவியும் வீடியோ டெக்குமாக வந்து இறங்கினார். நானும் கன்னியம்மாவும் ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். இவரையும் வக்கீல் அழைத்திருந்தார். துவைத்த ஜிப்பா போட்டுக்கொண்டு வந்திருந்தார். அந்த அறையில் ஒரே ஒரு பிளக் பாயிண்ட். ஃபேனை நிறுத்தினால்தான் டிவி ஓடும். அதிகாரி கர்ச்சீப்பால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே படத்தைப் பார்த்தார். இவரோ எழுந்துபோய் ஜன்னல் கதவைச் சாத்தினார். வெளிச்சம் பட்டால் கறுப்பு சரியாகத் தெரியாதாம். புழுக்கத்தில் எல்லாரும் செத்துக்கொண்டிருந்தோம். அவர் முகத்தில் மட்டும் ஒரு பூரிப்பு.

விசில் சத்தம் வந்ததும் வக்கீல் படத்தை நிறுத்தினார். திரையில் கன்னியம்மாவின் முகம் திரும்பின வாக்கில் நடுங்கிக்கொண்டு நின்றது.

"அம்மா, விசில் கேட்டுத் திரும்பிப் பார்க்கிறது நீங்கதானே?"

"நான்தான்."

"நடந்ததைத்தான் எடுத்திருக்கோம்னு எழுத்து போட்டிருக்காங்களே, பார்த்தீங்களா?"

"எனக்குப் படிக்கத் தெரியாது சார். சார் திரும்புன்னாரு, திரும்புனேன்."

அதிகாரி இவர் பக்கம் திரும்பினார். இவர் எழுந்து, சினிமாவில் உண்மை என்பது இரண்டு வகை என்று ஆரம்பித்தார். கண்ணுக்குத் தெரியும் உண்மை, அதற்கு அடியில் இருக்கும் உண்மை. அதிகாரி கையைக் காட்டி நிறுத்தினார்.

"அதெல்லாம் இருக்கட்டும் சார். அன்னிக்கு விசில் ஊதினாங்களா, இல்லையா?"

இவர் யோசித்தார். "ஊதியிருக்கணும் சார்" என்றார்.

வக்கீல் சிரித்தபடி குமாஸ்தாவிடம், "எழுதிக்கோப்பா, ஊதியிருக்கணும்கிறார்" என்றார்.

"இல்ல, அந்த அர்த்தத்துல இல்ல. ஊதியிருக்க வேண்டியது நியாயம்னு..."

"ஊதியிருக்கணும்னா ஊதியிருப்பாங்கன்னுதான் சார் அர்த்தம்."

'அது நான் செருகியது' என்று அவர் சொல்ல மூன்று வார்த்தை போதும். அது வரவில்லை. அந்த எழுத்து அட்டை அவர் தொண்டையில் சிக்கிக்கொண்டிருந்தது என்று நினைக்கிறேன். பக்கத்தில் கன்னியம்மா முந்தானையை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்துக்கொண்டிருந்தாள். நான் எழுந்து நின்றுவிட்டேன்.

"சார், அந்த விசிலை ஊதினது நான்."

அதிகாரி என்னைப் பார்த்தார். "நீங்க யாரும்மா?"

"டைப்பிஸ்ட்."

"குவாரியிலயா?"

"இல்ல சார். படத்துல."

எங்கே வாங்கினது, எங்கே நின்று ஊதினேன், எதற்காக என்று எல்லாவற்றையும் சொன்னேன். அதிகாரி கேட்டுவிட்டு, "டைரக்டர் சார் இதை எழுத்துல கொடுத்திடட்டும்" என்றார். அலுவலக டைப்பிஸ்ட் அன்றைக்கு லீவு. அவருடைய மெஷினில் நானே உட்கார்ந்தேன். இவர் பக்கத்தில் நின்று சொல்லச் சொல்ல அடிக்கவேண்டும்.

"கலைத் தேவையை முன்னிட்டு ஒலி அடுக்கில் பின்னர் இணைக்கப்பட்ட..." என்று சொல்லிக்கொண்டே போனார். நான் 'படத்தில் வரும் விசில் சத்தம் பொய்' என்று அடித்துக் காகிதத்தை உருவிக் கொடுத்தேன்.

வாங்கிப் படித்தார். "மேடம், பொய்ங்கிறது கொஞ்சம்..."

"வேற வார்த்தை இருந்தா சொல்லுங்க சார். அடிக்கிறேன்."

அவர் பேனாவைத் திறந்து கையெழுத்துப் போட்டார். அவர் வாழ்க்கையில் ஒரே தடவையில் சரியாக வந்த காரியம் அதுவாகத்தான் இருக்கும். அப்போது அவர் முகத்தைப் பார்க்க எனக்கே கஷ்டமாக இருந்தது.

அதற்குப் பிறகு அன்றைக்கு நிஜமாக விசில் ஊதியது யார் என்று அதிகாரி கேட்க, காண்டிராக்டர் தரப்பில் மூன்று பேர் மூன்று பெயரைச் சொன்னார்கள். சில மாதம் கழித்து உத்தரவு வந்தது. எச்சரிக்கை செய்யப்படவில்லை, இறந்தவர் மேல் தவறில்லை. கன்னியம்மா அந்த வீட்டிலேயே இருந்தாள். உத்தரவில் ஏழுமலை பெயர் வருகிற இடத்தை என்னைக் காட்டச் சொல்லி விரலால் தொட்டுப் பார்த்தாள்.

அடுத்த மாதமே இவர் இன்ஸ்டிட்யூட் படியேறினார். புது விண்ணப்பம். ஒரு விதவைக்கு நியாயம் கிடைப்பதற்காகத் தன் படத்தையே பலி கொடுக்கும் ஒரு கலைஞனின் கதை. எல்லாம் நிஜ சம்பவம், வருபவர்கள் அவர்களே. விசாரணை அறையில் அந்தக் கலைஞன் தானாகவே எழுந்து, கலங்காத குரலில் உண்மையைச் சொல்கிறான். மூன்று பக்கம் அடித்த பிறகு நான் கேட்டேன்.

"இதுல நான் எங்க சார் வர்றேன்?"

"யோசிச்சேன் மேடம். அந்தக் கேரக்டர் வேகத்தைக் குறைக்குது" என்றார். வருத்தத்தோடுதான் சொன்னார்.

அப்போதும் நான் அவரோடு போனேன். கன்னியம்மா என்ன சொல்லப்போகிறாள் என்று பார்க்கவேண்டும்போல் இருந்தது. ஒரு சனிக்கிழமை மத்தியானம். அவள் வாசலில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். இவர் கதையை முழுசாகச் சொன்னார். பழையபடி அவளே அவளாக வரவேண்டும் என்றார். அவள் ஈரத் துணியைக் கையில் வைத்துக்கொண்டு கடைசிவரை கேட்டாள்.

"வரேன் சார். ஆனா ஒண்ணு."

"சொல்லுங்கம்மா."

"இந்தப் படத்துல அவரு சாயங்காலம் வூட்டுக்கு வந்துரட்டும் சார். நீங்க நெனச்சா முடியும் இல்ல?"

கிண்டலாகச் சொல்லவில்லை. கோபமும் இல்லை. கேட்டுப் பார்க்கிறாள், அவ்வளவுதான். இவர் ஏதோ சொல்லப் போய், "பார்க்கலாம்மா" என்றார். அவள் துணியை உதறிக் கொடியில் போட்டாள்.

ஸ்டேஷனுக்கு நடந்தோம். டிரெயினில் எதிரெதிரே உட்கார்ந்தோம். அவர் கண் கலங்கியிருந்தது. பல்லாவரம் தாண்டி வண்டி வேகமெடுத்தது. இத்தனை வருஷத்தில் முதல்முறையாக ஒரு மனுஷர் எதிரில் உட்கார்ந்திருக்கிறார் என்று நினைத்தேன். ஏதாவது ஆறுதலாகச் சொல்லலாம் என்று வாயெடுத்தேன்.

"மேடம்," என்றார் அவர், ஜன்னலைப் பார்த்தபடி. "அந்த வார்த்தையை அவங்க கேமரா இருக்கும்போது சொல்லியிருக்கலாம். திரும்பிப் போய்க் கேட்டா சொல்லுவாங்களா?"

குரோம்பேட்டையில் வண்டி நின்றது. இறங்கிவிட்டேன். அங்கே எனக்கு ஒரு வேலையும் இல்லை. அடுத்த வண்டிக்கு நேரமிருந்தது. பிளாட்பாரத்து பெஞ்சில் உட்கார்ந்தேன். தோல் கம்பெனியில் ஷிப்ட் முடிந்த ஆட்கள் லைனைத் தாண்டி, பேசிக்கொண்டே வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள்.